நாலந்தா: செங்கல் சொல்லும் சாட்சி

பழம் பெருமை பேசப்படும் மேடைகளில் நாலந்தாவின் பெயர் அடிபடாத மேடை அரிது. ‘பத்தாயிரம் மாணவர் பயின்ற பல்கலைக் கழகம்’ என்ற ஒரு தொடரோடு பேச்சாளர் அமர்ந்துவிடுகிறார். கேட்போரும் கைதட்டி மகிழ்கின்றனர். அந்தப் பத்தாயிரம் பேரும் எங்கே படுத்து உறங்கினர், எந்த நீரில் குளித்தனர், அவர்களுக்குச் சோறு வடித்தவர் யார், அரிசி எங்கிருந்து வந்தது என்று எவரும் கேட்பதில்லை. இவை அற்பமான கேள்விகள் அல்ல. ஒரு கல்விக் கூடம் பல நூற்றாண்டுகள் நின்று நிலவியதன் காரணம், இக்கேள்விகளுக்கான விடைகளில்தான் அடங்கியிருக்கிறது. அந்த விடைகளை ஏடுகளிலிருந்து மட்டுமன்றி, அக்கூடத்தின் சுவர், தரை, கிணறு, அடுப்பு ஆகியவற்றிலிருந்தும் பெற முடியும். அவற்றைச் சாட்சிக் கூண்டில் ஏற்றி விசாரிப்பதே இக்கட்டுரையின் நோக்கம்.

கடாரம் கண்ட சாட்சி

நாலந்தா இன்றைய பீகார் மாநிலத்தில், பழைய இராசகிருக நகரத்திற்கு அருகில் உள்ளது. கி.பி. 5ஆம் நூற்றாண்டில் குப்தப் பேரரசர் காலத்தில் தோன்றிய இப்பெரும் பௌத்த விகாரம், ஏறத்தாழ 700 ஆண்டுகள் கல்விப் பணி புரிந்தது. இதனைக் கண்ணால் கண்டு எழுதி வைத்தவர்களுள் சீன யாத்திரிகர் இருவர் தலைசிறந்தவர்கள். 7ஆம் நூற்றாண்டின் முற்பாதியில் வந்தவர் யுவான் சுவாங். பிற்பாதியில் வந்தவர் இத்சிங்.

இவ்விருவருள் இத்சிங் மலேசியத் தமிழராகிய நமக்கு ஒருவகையில் நெருங்கியவர். அவர் 671ஆம் ஆண்டில் கான்டன் துறைமுகத்தில் கப்பலேறி, ஸ்ரீவிசயத்தில் ஆறு திங்கள் தங்கி வடமொழி இலக்கணம் பயின்றார். பின்னர் மலாயு வழியாக ‘கியேச்சா’ என்று தாம் குறிப்பிடும் துறைமுகத்திற்கு வந்து, அங்கிருந்து வடக்கு நோக்கிப் பயணமாகி, 673இல் வங்கக் கரையை அடைந்தார். அந்தக் கியேச்சா, தமிழர் கடாரம் என்றழைத்த நம் கெடாவே என்பது அறிஞர் கொள்கை. நாலந்தாவில் பத்தாண்டுகள் தங்கியபின் திரும்பியபோதும் அவர் கெடா வழியாகவே ஸ்ரீவிசயம் சென்றார். அங்கிருந்துதான் தம் நூல்களை எழுதித் தாயகம் அனுப்பினார். நாலந்தாவின் நாள்தோறும் நடந்த வாழ்க்கையை இவரளவு நுணுக்கமாக எழுதியவர் வேறொருவர் இலர்.

மற்றொரு சாட்சி மண்ணுக்குள் கிடந்தது. 1861-62ஆம் ஆண்டளவில் கன்னிங்காம் இவ்விடத்தை நாலந்தாவென அடையாளம் கண்டார். 1915 முதல் 1937 வரை தொல்பொருள் ஆய்வுத் துறையினர் தோண்டிப் பார்த்ததில் 11 விகாரங்களும் பல செங்கற் கோயில்களும் வெளிப்பட்டன. பிற்காலத்தில் 1974 முதல் 1982 வரை மீண்டும் அகழ்வாய்வு நடந்தது. 2016இல் ஐக்கிய நாடுகளின் யுனெஸ்கோ நிறுவனம் இவ்விடத்தை உலக மரபுச் சின்னமாக ஏற்றுக் கொண்டது. இத்சிங் எழுதியதையும் மண்வெட்டி காட்டியதையும் அடுத்தடுத்து வைத்து நோக்கின், பல செய்திகள் புலனாகின்றன.

திரையில்லாத கதவுகள்

நாலந்தாவின் அமைப்பு மிக எளியது. கிழக்கே விகாரங்கள் ஒரு வரிசை. மேற்கே கோயில்கள் ஒரு வரிசை. நடுவே அகன்ற வீதி. கிழக்கு வரிசை விகாரங்கள் ஏறக்குறைய ஒரே அச்சில் வார்த்தவை போன்றவை. நடுவில் திறந்த முற்றம்; அதனைச் சுற்றித் தாழ்வாரம்; தாழ்வாரத்தை ஒட்டி நாற்புறமும் சிறு அறைகள்; மேற்கு நோக்கிய ஒரே வாயில். நம் பாட்டன் வீட்டு நாற்சார் முற்றத்தைப் பன்மடங்கு பெரிதாக்கினால் எப்படியிருக்குமோ, அப்படி என்று கொள்ளலாம்.

இத்சிங் இவ்வமைப்பை எழுதும்போது ஒரு நுட்பத்தைச் சுட்டிக் காட்டுகிறார். அறைகள் ஏறத்தாழப் பத்தடிச் சதுரம். பின்புறச் சுவரில் சாளரம். முன்புறம் உயரமான ஒற்றைக் கதவு. கதவுகள் ஒன்றையொன்று நோக்கியிருக்கும். அவற்றில் திரைச்சீலை தொங்கவிட அனுமதியில்லை. தாழ்வாரத்தில் நின்று பார்த்தால் நாற்புறமும் தெரியும். ஒருவர் செய்வது மற்றவர் கண்ணுக்குத் தப்பாது. பதினைந்து நாட்களுக்கு ஒருமுறை விகார அலுவலர் அறை அறையாகச் சென்று விதிகளைப் படித்துக் காட்டுவர். இரவில் வாயிற் கதவுகளின் திறவுகோல்களை முத்திரையிட்டு, வயதில் மூத்த தேரரிடம் ஒப்படைப்பர்.

இதிலிருந்து நாம் அறிவது யாது? நாலந்தாவில் ஒழுக்கத்தைக் காக்கக் காவலர் படை தேவைப்படவில்லை; கட்டடமே காவலாளாக இருந்தது. விதி ஏட்டில் எழுதப்பட்டது. அவ்விதியை ஒருவன் மீறாதபடி பார்த்துக் கொண்டது முற்றம். கொத்தனார் கையில் சாந்துக் கரண்டி எடுக்குமுன்னரே, இங்கே வாழப்போகிறவன் எப்படி வாழவேண்டும் என்று யாரோ தீர்மானித்திருக்கின்றனர்.

ஆயினும் தனிமைக்கும் அங்கே இடமிருந்தது. சில அறைகளில் சுவரையொட்டிப் படுக்கைத் திண்ணைகள் காணப்படுகின்றன. சுவரில் மாடங்கள் உண்டு. ஓலைச்சுவடி ஒன்று, விளக்கு ஒன்று, ஆடை சில: துறவியின் சொத்து இவ்வளவே ஆதலால் மாடமும் அவ்வளவே.

எத்தனை பேர் இருந்திருக்க முடியும்?

இனிப் பத்தாயிரம் பேர் என்ற கணக்கைச் செங்கற்களிடம் கேட்டுப் பார்ப்போம். இந்த எண் யுவான் சுவாங் தாமே எழுதிய பயண நூலில் இல்லை. அவர் மறைவிற்குப் பின் மாணாக்கர் எழுதி முடித்த வாழ்க்கை வரலாற்றிலேதான் வருகிறது. அங்கும் வந்து போவோரையும் சேர்த்தே சொல்லப்படுகிறது. யுவான் சுவாங் தம் நூலில் ‘பல ஆயிரவர்’ என்பதோடு நிறுத்திக் கொள்கிறார். இத்சிங்கோ 3,000க்கு மேல் என்கிறார்.

விகாரத்தின் ஒரு பக்கத்திற்கு ஒன்பது அறைகள் என்றும், மூன்று அடுக்குகள் என்றும் இத்சிங் குறிக்கிறார். மேல் அடுக்குகள் இன்று இல்லையெனினும் மாடிப் படிக்கட்டுகள் எஞ்சியிருப்பதால், மாடி இருந்தது உறுதி. நான்கு பக்கமும் சேர்த்து அடுக்குக்கு 36 அறைகள். மூன்று அடுக்கிற்கு 108. இவற்றுள் வாயிலும் வழிபாட்டறையும் போக எஞ்சுவது சற்றுக் குறையும். அகழ்ந்தெடுத்த 11 விகாரங்களும் ஒரே காலத்தில் நிறைந்திருந்தன என்றே வைத்துக் கொள்வோம். மொத்தம் ஏறக்குறைய 1,190 அறைகள். இவற்றில் 3,000 பேர் என்றால் அறைக்கு இரண்டு மூன்று பேர், வசதியாக இருக்கலாம். பத்தாயிரம் பேர் என்றால் அறைக்கு எட்டுப் பேருக்கு மேல்! பத்தடிச் சதுர அறையில் எட்டுப் பேர் பாய் விரித்தால் ஒன்பதாவதாகக் காலூன்ற இடமிராது. எண்ணெய் விளக்கேற்றிச் சுவடி படிப்பது எங்கே?

இத்சிங் மற்றோரிடத்தில் எட்டுக் கூடங்கள், 300 அறைகள் என்கிறார். எட்டை 36ஆல் பெருக்கினால் 288 வருகிறது. எனவே அவர் ஓர் அடுக்கை மட்டும் எண்ணினார் என்று கொள்வதே பொருந்தும். தோண்டப்படாத நிலம் இன்னும் இருப்பதால் இதனை முடிந்த தீர்ப்பென்று கூறிவிட முடியாது. ஆயினும் வாழ்ந்து பார்த்த இருவர் சொல்லும், எஞ்சி நிற்கும் சுவரும் ஒரே பக்கம் சாய்கின்றன. 3,000 என்பது சிறிய எண்ணன்று. 7ஆம் நூற்றாண்டில் 3,000 பேருக்கு நாள்தோறும் உறையுளும் உணவும் கல்வியும் அளிப்பது எளிய செயலா? மெய்யான பெருமைக்கு மிகைப்படுத்தல் வேண்டுவதில்லை.

மணியும் நீரும்

நாலந்தாவைச் சூழப் பெரிய குளங்கள் பத்துக்கு மேல் இருந்தன என்பது இத்சிங் கூற்று. காலையில் மணி ஒலிக்கும். குளிக்கும் வேளை வந்ததென்று பொருள். நூற்றுக் கணக்கிலும், சில வேளை ஆயிரக் கணக்கிலும், துறவிகள் குளியலாடையோடு வாயில்களின் வழியே வெளிப்பட்டுக் குளங்களை நோக்கிச் செல்வார்களாம். இன்றும் நாலந்தாவைச் சுற்றிப் பழங்குளங்கள் பல உள்ளன. அவற்றின் கரையில் நிற்பவர் அந்தக் காலைக் காட்சியைக் கற்பனை செய்து கொள்வது கடினமன்று.

குடிநீருக்கு விகாரத்தின் உள்ளேயே முற்றத்தில் கிணறு உண்டு. மழைநீரும் கழிவுநீரும் வெளியேறச் செங்கல்லால் கட்டிய வடிகால்களும் உண்டு. துறவிகள் நீரை வடிகட்டியே அருந்த வேண்டும். பருகும் நீருக்கு ஒரு குடம், கை கால் கழுவும் நீருக்கு வேறொரு குடம் வைத்துக் கொள்ள வேண்டும் என்று இத்சிங் விரிவாக எழுதுகிறார். சுவடிகளைப் பற்றி எழுதும் அதே பொறுமையோடு அவர் தண்ணீர்க் குடத்தைப் பற்றியும் எழுதுவது நோக்கத்தக்கது. பல்லாயிரம் கால்கள் நடமாடும் இடத்தில் நீர் கெட்டால் கல்வியும் கெடும் என்பதை அவர் அறிந்திருந்தார்.

நேரத்தைக் காட்டியது நம் முன்னோர் நாழிகை வட்டில் என்று வழங்கிய கருவிதான். நீர் நிறைந்த பெரிய ஏனத்தில், அடியில் நுண்துளையிட்ட செப்புக் கிண்ணம் மிதக்கும். நீர் ஏறிக் கிண்ணம் அமிழ்ந்தால் ஒரு முரசடி. நான்கு முறை அமிழ்ந்தால் சங்கொலி. உச்சிப் பொழுதுக்கு முன்னரே உண்டு முடிக்க வேண்டும் என்பது துறவியர் விதியாதலால், இந்தக் கிண்ணம் தவறினால் 3,000 பேர் பட்டினி! இக்கருவிகளையும், அவற்றைக் காத்திருந்து கவனிக்கும் சிறுவர்களையும் அரசர்கள் விகாரங்களுக்குக் கொடையாக அளித்தனர் என்கிறார் இத்சிங். கிண்ணத்தோடு சேர்த்துக் கொடுக்கப்பட்ட அந்தச் சிறுவர்களின் பெயர் எந்த ஏட்டிலும் இல்லை. தத்துவ விவாதங்கள் நடந்துகொண்டிருந்த அதே முற்றத்தின் ஒரு மூலையில், கண் இமைக்காமல் நீரைப் பார்த்துக் கொண்டிருந்தவர்கள் அவர்கள்.

அரிசியும் அடுப்பும்

உணவுக்கு வருவோம். விகாரம் ஒன்றின் முற்றத்தில் இரட்டை இரட்டையாகக் கட்டிய அடுப்புகள் காணப்படுகின்றன. சமைக்கவா, ஆடைக்குச் சாயமேற்றவா என்பது ஆய்வாளரிடையே ஆராயப்படும் செய்தி. துறவியின் காவியாடைக்கும் கொதிநீர் வேண்டுமல்லவா? மேற்கு வரிசையில் ஒரு கோயிலை அடுத்து, நான்கு அறைகள் கொண்ட செங்கல் உலையும், அதில் உருகிய உலோகத் துண்டுகளும் கசடும் கிடைத்தன. நாலந்தாவின் புகழ்பெற்ற வெண்கலத் திருமேனிகளுக்குப் பின்னே, புகை படிந்த முகத்தோடு உலைத் துருத்தி ஊதிய கைகளும் இருந்தன.

அரிசி வந்த வழியை வாழ்க்கை வரலாறு தெரிவிக்கிறது. அரசர் நூறு ஊர்களின் வருவாயை விகாரத்திற்கு விட்டிருந்தார். இருநூறு குடும்பத்தார் நாள்தோறும் அரிசி, நெய், பால் ஆகியவற்றைக் கொண்டு வந்து சேர்த்தனர். யுவான் சுவாங்குக்கு மட்டும் நாள்தோறும் 120 சம்பீரப் பழம், 20 பாக்கு, 20 சாதிக்காய், சிறிது கற்பூரம், மகாசாலி என்னும் மணமுள்ள அரிசி ஆகியன அளிக்கப்பட்டனவாம். பாக்கும் கற்பூரமும் தந்து விருந்தோம்பிய பண்பு நமக்குப் புதிதன்று. இத்சிங் காலத்தில் ஊர்கள் இருநூறுக்கு மேல் உயர்ந்துவிட்டன.

இது வெறும் ஏட்டுச் செய்தியா? அன்று. அகழ்வாய்வில் சுடுமண் முத்திரைகள் ஏராளமாகக் கிடைத்தன. தருமச் சக்கரத்தின் இருபுறமும் மான்கள் அமர்ந்திருக்கும் விகார முத்திரைகள் பல. அவற்றோடு ஊர்ச் சபைகளின் முத்திரைகளும் கிடைத்தன. ஊருக்கும் விகாரத்திற்கும் இடையே ஓலையும் பண்டமும் வந்து போயின என்பதற்கு இவை நேர்ச்சான்று. ஏரோட்டியவன் எழுத்தறிந்தவனோ அல்லனோ, அவன் ஊரின் பெயர் பல்கலைக் கழகத்து மண்ணில் பதிந்து கிடக்கிறது.

கடல் கடந்து வந்த கொடை

1921ஆம் ஆண்டில் முதலாம் விகாரத்தில் ஒரு செப்பேடு கிடைத்தது. வங்காளத்துப் பால மன்னர் தேவபாலர் 9ஆம் நூற்றாண்டில் அளித்தது. சுவர்ணத் தீவத்தின் அரசர் பாலபுத்திர தேவர் நாலந்தாவில் ஒரு விகாரம் கட்டினார் என்றும், அவர் வேண்டுகோளின்படி தேவபாலர் ஐந்து ஊர்களை அதற்கு விட்டார் என்றும் அச்செப்பேடு கூறுகிறது. சுவர்ணத் தீவம் என்பது சுமத்திராவை நடுவாகக் கொண்ட ஸ்ரீவிசய நாடு. கெடாவும் அப்பேரரசோடு இணைந்திருந்தது.

அந்த ஐந்து ஊர்களின் வருவாயை எதற்கெல்லாம் செலவிட வேண்டும் என்ற பட்டியலை நேயர்கள் கவனிக்க வேண்டும். வழிபாடு, துறவிகளின் உணவு, உடை, படுக்கை, நோயுற்றோர்க்கு மருந்து, அறநூல்களைப் படியெடுத்தல், இறுதியாக விகாரத்தில் இடிந்ததையும் பிளந்ததையும் செப்பனிடுதல். ஒரு பல்கலைக் கழகத்தின் வரவு செலவுத் திட்டத்தை இதைவிடச் சுருக்கமாக எழுத முடியுமா?

இதே ஸ்ரீவிசய மரபினர்தாம் ஒன்றரை நூற்றாண்டு கழித்து நாகப்பட்டினத்தில் சூளாமணிவர்ம விகாரத்தை எழுப்பினர். அதற்கு முதலாம் இராசராச சோழன் ஆனைமங்கலம் என்னும் ஊரைப் பள்ளிச்சந்தமாக அளித்ததை லெய்டன் செப்பேடுகள் கூறுகின்றன. அதனைக் கட்டியவரைக் கடாரத்து அரையன் என்றே தமிழ்ப் பகுதி அழைக்கிறது. நாலந்தாவில் ஐந்து ஊர், நாகையில் ஓர் ஊர்: கடல் கடந்த அரசர் விகாரம் கட்ட, உள்நாட்டு அரசர் ஊர் விட, அந்த ஊரின் உழவர் சோறு போட்டனர். முறை ஒன்றே. நாகையில் எஞ்சி நின்ற பழங்கோபுரம் 1867இல் இடிக்கப்பட்டுவிட்டது. ஆகவே அங்கு வாழ்ந்தோர் எப்படி உண்டனர், உறங்கினர் என்று கேட்க நமக்குச் செப்பேடு உண்டு, சுவர் இல்லை. நாலந்தாவில் இரண்டும் இருப்பது நம் நற்பேறு.

தீயும் திருப்பணியும்

முதலாம் விகாரத்தைத் தோண்டியவர்கள் ஒன்றன்மேல் ஒன்றாக ஒன்பது குடியிருப்பு நிலைகளைக் கண்டனர். பழையது சிதைந்தபோது அதன்மேலேயே புதிய தரை போட்டுப் புதிய சுவர் எழுப்பியிருக்கிறார்கள். தரை போடும் முறையையும் இத்சிங் விடவில்லை. செங்கற் சல்லியைக் களிமண்ணோடு கலந்து திமிசு போட்டு, சுண்ணாம்பும் நாரும் எண்ணெயும் சேர்த்து ஊறவைத்துப் பூசி, மெருகேற்றினால் கண்ணாடிபோல் மின்னும்; பத்து இருபது ஆண்டுகள் மிதித்தாலும் வெடிக்காது என்கிறார். இருபது ஆண்டுகளுக்குப் பின்? மீண்டும் போட வேண்டும். அதற்குத்தான் ஊர் வருவாய். நம் நாட்டுக் கல்வெட்டுகளில் ‘புதுக்குப்புறம்’ என்று வருவதும் இத்தகைய செப்பனிடும் பணிக்கு விட்ட நிலமே.

நாலந்தா அருங்காட்சியகத்தில் அகழ்ந்தெடுத்த கருகிய அரிசி வைக்கப்பட்டுள்ளது. அதனைக் கண்டதும், 1200ஆம் ஆண்டையொட்டி பக்தியார் கில்ஜியின் படையெடுப்பில் மூண்ட தீயே நினைவுக்கு வரும். ஆயின் அதற்கு இருநூறு ஆண்டுகள் முன்னரே, பால மன்னர் மகிபாலரின் 11ஆம் ஆட்சியாண்டுக் கல்வெட்டு, தீயால் அழிந்த கோயில் ஒன்று மீண்டும் கட்டப்பட்டதைக் குறிப்பிடுகிறது. எனவே தீ ஒருமுறை மட்டும் வரவில்லை. எந்தத் தீயில் கருகியதென்று அரிசி வாய் திறந்து சொல்லாது. சாட்சி சொல்லாததை நாம் அதன் வாயில் திணிக்கலாகாது. ஆனால் அது சொல்வது ஒன்றுண்டு: இங்கே உலை வைக்க அரிசி சேமித்திருந்தார்கள்.

முன்பு வந்த தீக்குப் பின் நாலந்தா எழுந்தது. இறுதி அழிவிற்குப் பின் எழவில்லை. காரணம் தீயின் கொடுமை மட்டுமன்று. ஊர்களை விடும் அரசர்கள் மறைந்தனர். ஊர்களின் வருவாய் வேறு கைக்குச் சென்றது. சுவரைச் செப்பனிடப் பொருளில்லாமற் போயிற்று. 1235ஆம் ஆண்டளவில் அங்கு வந்த திபெத்தியத் துறவி தர்மஸ்வாமின், பாழடைந்த விகாரங்களிடையே புழங்கத்தக்கவை இரண்டே எஞ்சியிருக்கக் கண்டார். அங்கே தொண்ணூறு வயதைக் கடந்த இராகுல ஸ்ரீபத்திரர் எழுபது மாணாக்கருக்கு வடமொழி இலக்கணம் கற்பித்துக் கொண்டிருந்தார். படைவீரர் வருகிறார்கள் என்ற செய்தி வந்தபோது மற்றவர் ஓடிவிட, தர்மஸ்வாமின் தம் கிழ ஆசிரியரை முதுகில் சுமந்து சென்று ஒளித்துக் காத்தார். அபாயம் நீங்கியதும் பாடம் தொடர்ந்தது.

ஆசிரியர் இருந்தார், மாணவர் இருந்தனர், கற்கும் ஆர்வமும் இருந்தது. ஊர் மட்டும் இல்லை. ஆகவே அந்தத் தலைமுறையோடு அது முடிந்தது. நாலந்தாவை நிலைநிறுத்தியது அறிஞர்தம் அறிவு மட்டுமன்று என்பதை இந்த இறுதிக் காட்சி மறைமுகமாக மெய்ப்பிக்கிறது.

நாலந்தாவின் பெயரால் 2010இல் இந்திய நாடாளுமன்றம் சட்டமியற்றி, 2014இல் இராசகிருகத்தில் ஒரு புதிய பல்கலைக் கழகம் வகுப்புகளைத் தொடங்கியது. 2024இல் அதன் புதிய வளாகம் திறந்து வைக்கப்பட்டது. பழம் பெயரைச் சூட்டுவது எளிது. பாலபுத்திரரின் செப்பேட்டில் கடைசியாக எழுதிய வரி, அதாவது இடிந்ததையும் பிளந்ததையும் செப்பனிடுதல் என்ற வரி, எந்தப் பல்கலைக் கழகத்தின் கணக்கேட்டிலும் முதல் வரியாக இருக்கத் தக்கது. ஒன்பது முறை தரை போட்டவர்களின் பெயர் நமக்குத் தெரியாது. அவர்கள் போட்ட தரை இன்னும் இருக்கிறது.